பத்து விரலும் பொருந்தவில்லை

கடந்த நவம்பரில் ஒரு செவ்வாய்க்கிழமை காலை, என் அப்பா உயிரோடு இருக்கிறார் என்று நிரூபிப்பதற்காக அவரை ஆட்டோவில் அழைத்துக்கொண்டு போனேன். ஓய்வூதியம் வாங்குகிறவர்கள் இருக்கும் வீடுகளுக்கு இது பழகிய சடங்கு. ஆண்டுக்கு ஒரு முறை வாழ்நாள் சான்றிதழ் கொடுத்தாக வேண்டும், இல்லாவிட்டால் பணம் நின்றுவிடும். அம்மா இருந்தவரை திருவல்லிக்கேணியில் இருவரும் வங்கிக்கு நடந்தே போய் இந்த வேலையை முடித்துவிடுவார்கள். கவுன்டரில் இருந்தவர் அப்பாவைத் தூரத்தில் பார்த்ததுமே படிவத்தை எடுத்து வைத்துவிடுவார் என்று அம்மா சொல்லியிருக்கிறாள். அம்மா போன பிறகு அப்பா மேடவாக்கத்தில் என் வீட்டுக்கு வந்துவிட்டார். அதனால் இந்த முறை அது என் பொறுப்பாயிற்று. 2014இல் ஜீவன் பிரமாண் என்ற மின்னணு வாழ்நாள் சான்றிதழ் வந்ததிலிருந்து வங்கிக்கே போக வேண்டாம், பக்கத்துச் சேவை மையத்தில் விரலை வைத்தால் இரண்டு நிமிடத்தில் முடிந்துவிடும் என்றார் உடன் வேலை பார்க்கும் ஒருவர். அலுவலகத்துக்கு ஒரு மணி நேரம் தாமதமாக வருவேன் என்று சொல்லிவிட்டுக் கிளம்பினேன்.

முதலில் வலது கட்டை விரல். கருவியில் வெளிச்சம் எரிந்தது, திரையில் வட்டம் சுற்றியது, பிறகு சிவப்பு எழுத்தில் ஒரு வரி வந்தது. கைரேகை பொருந்தவில்லை. அங்கே இருந்த பெண் பொறுமைசாலி. ஈரத் துணியால் அப்பாவின் விரலைத் துடைத்துவிட்டு மறுபடியும் வைக்கச் சொன்னாள். அடுத்து ஆள்காட்டி விரல், அடுத்து நடுவிரல். வலது கை முடிந்து இடது கைக்கு வந்தோம். தேங்காய் எண்ணெயைத் தொட்டுத் தடவிப் பார்த்தோம். பின்னால் வரிசை நீண்டது. எனக்கு அலுவலகத்து மணி ஓடிக்கொண்டிருந்தது. "அப்பா, ஒழுங்காக அழுத்துங்கள்" என்றேன். கொஞ்சம் கழித்து இன்னும் உரக்க, "ஆட்டாமல் வையுங்கள், அப்பா" என்றேன். அவர் பள்ளிக்கூடத்துப் பையனைப் போல உதட்டைக் கடித்துக்கொண்டு அழுத்தினார். பத்து விரலும் பொருந்தவில்லை.

அப்பாவுக்கு அப்போதுதான் ஒரு யோசனை தோன்றியது. என் தோளைத் தொட்டு, அந்தப் பெண்ணிடம் சொன்னார்: "இவள் என் மகள் அம்மா. நான்தான் என்று இவள் சொல்கிறாளே, அது போதாதா?" அவள் என்னைப் பார்த்தாள். கேலியாக அல்ல, உண்மையான வருத்தத்தோடுதான் சொன்னாள்: "அக்கா, நீங்கள் சொல்வதை நான் நம்புகிறேன். கம்ப்யூட்டர் ஏற்காது." வேறு வழிகளும் இருக்கின்றன என்று ஒரு தாளில் எழுதிக் கொடுத்தாள். நாங்கள் வெளியே வந்தோம்.

அப்பாவுக்கு மாதம் வருவது 1,460 ரூபாய். 1995ஆம் ஆண்டின் தொழிலாளர் ஓய்வூதியத் திட்டத்தில் தனியார் நிறுவனத்தில் உழைத்து ஓய்ந்தவர்களுக்குக் கிடைக்கிற தொகை எவ்வளவு என்று அந்த வீட்டுப் பிள்ளைகளுக்குத் தெரியும்; 2014 செப்டம்பரில் குறைந்தபட்சம் 1,000 ரூபாய் என்று நிர்ணயித்தபோதே அது பெரிய செய்தியாக இருந்தது. அந்தப் பணம் நின்றால் எங்கள் வீட்டில் அடுப்பு அணையப்போவதில்லை. இருந்தும் அந்தச் சிவப்பு வரி என்னை இரண்டு மாதம் விடவில்லை. அப்பாவின் மகளாக நாற்பத்தைந்து வருடம் இருந்தவள் நான். அவர் யார் என்பதற்கு என் வாய்ச்சொல் சாட்சியாகாது என்று கேட்டபோது ஏற்பட்ட கோபம் ஒரு பக்கம். அதற்கு அடியில் இன்னொன்று இருந்தது. அது என்னவென்று தெரியத்தான் நாள் ஆயிற்று.

தேய்ந்துபோன விரல்கள்

திரும்பி வரும்போது ஆட்டோவில் அப்பா இரண்டு கைகளையும் மடியில் மல்லாத்தி வைத்துக்கொண்டு பார்த்தபடி வந்தார். நானும் பார்த்தேன். நுனிகள் வழவழவென்று, பழைய கூழாங்கல் மாதிரி இருந்தன. இந்தக் கையைப் பிடித்துக்கொண்டுதான் பைகிராஃப்ட்ஸ் சாலையைக் கடந்து கடற்கரைக்குப் போயிருக்கிறேன். ஆனால் அந்த விரல் நுனிகளை அன்றைக்கு முன்பு நான் ஒரு முறைகூட உற்றுப் பார்த்ததில்லை.

அப்பா கம்பாசிட்டர். 1966இல் பத்தொன்பது வயதில் திருவல்லிக்கேணிச் சந்து ஒன்றில் இருந்த அச்சகத்தில் சேர்ந்தார். ஈயமும் ஆன்டிமனியும் வெள்ளீயமும் கலந்து வார்த்த எழுத்துகளைக் கேஸ் என்ற கட்டம் கட்டமான தட்டிலிருந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கி, இடது கையில் பிடித்த ஸ்டிக் என்ற சின்னச் சட்டத்தில் தலைகீழாக அடுக்குவது வேலை. ஒவ்வொரு எழுத்தின் உடம்பிலும் ஒரு பள்ளம் இருக்கும். எது மேல், எது கீழ் என்பதைக் கண்ணால் பார்க்காமல் விரல் நுனியால் அந்தப் பள்ளத்தைத் தடவியே தெரிந்துகொள்ள வேண்டும். கண் முழுக்கக் கையெழுத்துப் பிரதியின் மேலேயே இருக்கும். அச்சாகி முடிந்ததும் மையை மண்ணெண்ணெயில் கழுவி, அத்தனை எழுத்தையும் பிரித்து அந்தந்தக் கட்டத்தில் திரும்பப் போட வேண்டும். ஈயம், மண்ணெண்ணெய், காரம் எல்லாவற்றிலும் இருபத்தைந்து வருடத்துக்கு மேல் ஊறிய விரல்கள் அவை. 1978இல் எழுத்துச் சீர்திருத்தம் வந்தபோது, ஒட்டி வார்த்திருந்த பழைய ணாவும் றாவும் னாவும், துதிக்கை மாதிரி வளைந்த கொம்போடு இருந்த லையும் ளையும் கேஸிலிருந்து வெளியேறின. அந்தக் கட்டங்களை மறக்கக் கைக்கு ஒரு வருடம் பிடித்தது என்பார். தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அச்சகத்தில் கம்ப்யூட்டர் வந்ததும் கேஸ்கள் மூலைக்குப் போயின. அப்பா பைண்டிங் பகுதிக்குப் போனார். 2005இல் ஓய்வு பெறும்வரை தாள் மடிப்பதும் பசை தடவுவதும்தான் வேலை. மீதமிருந்த கோடுகளைத் தாள் தின்றது.

விரல் வரிகள் கருவில் ஆறு மாதம் முடிவதற்குள் அமைந்துவிடுகின்றன, சாகிறவரை அவற்றின் வடிவம் மாறாது என்று பள்ளியில் படித்தோம். வடிவம் மாறாதுதான். தேயும் என்பதை யாரும் சொல்லித்தரவில்லை. சுண்ணாம்பில் வேலை செய்கிறவர்கள், சிமென்ட் கலவை அள்ளுகிறவர்கள், நாளெல்லாம் சோப்பு நீரில் பாத்திரம் தேய்க்கிற பெண்கள், வயதானதால் தோல் உலர்ந்து தளர்ந்தவர்கள் ஆகியோரின் வரிகளைக் கருவியால் பிடிக்க முடிவதில்லை. எங்கள் வீட்டில் வேலை செய்யும் அக்காவுக்கும் ரேஷன் கடையில் இதே கதைதான் என்று அப்புறம் தெரிந்தது. உழைத்துத் தேய்ந்த கையைத்தான் இயந்திரம் யாருடையது என்று கேட்கிறது. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வயிற்றைப் பிசைகிறது.

கைரேகையின் வரலாற்றை அந்த வாரத்தில் தேடிப் படித்தேன். 1858இல் வங்காளத்தின் ஜங்கிப்பூரில் வில்லியம் ஹெர்ஷல் என்ற ஆங்கிலேய அதிகாரி, சாலை போடுவதற்கான சரளை ஒப்பந்தத்தில் ராஜ்யதர் கோனாய் என்பவரின் உள்ளங்கை முழுவதையும் மையில் தோய்த்துப் பதிய வைத்தார். பேச்சு மாறாமல் இருக்க அது ஒரு மிரட்டல். பிறகு 1877இல் ஹூக்ளியில் அதே ஹெர்ஷல், ஓய்வூதியம் வாங்குகிறவர்களின் விரல் பதிவை எடுக்க ஏற்பாடு செய்தார். செத்துப்போனவர் பெயரில் வேறொருவர் வந்து பணம் வாங்கிப் போய்விடக் கூடாது என்பதற்காக. ஆக, என் அப்பா விரல் வைத்த அந்தக் காரியம் ஏறத்தாழ நூற்றைம்பது வருடம் பழையது. முதல் நாளிலிருந்தே அதில் இருந்தது சந்தேகம்தான்: வந்திருப்பவன் அவன்தானா, அல்லது செத்தவனின் மச்சானா?

இன்னொன்றும் படித்தேன். உலகத்தின் முதல் கைரேகைப் பிரிவு 1897இல் கல்கத்தாவில் தொடங்கியது. லட்சக்கணக்கான பதிவுகளிலிருந்து ஒன்றைத் தேடி எடுக்கும் வகைப்பாட்டை உழைத்து உருவாக்கியவர்கள் அஜிசுல் ஹக், ஹேம சந்திர போஸ் என்ற இரண்டு இந்திய அலுவலர்கள். உலகமெங்கும் அது அவர்களுடைய மேலதிகாரி எட்வர்ட் ஹென்றியின் பெயரில் ஹென்றி முறை என்று போயிற்று. பிற்காலத்தில் இருவருக்கும் பட்டமும் பணமும் கிடைத்தன. முறையின் பெயர் மட்டும் மாறவில்லை. ஒவ்வொரு மனிதனையும் இன்னார் என்று கண்டுபிடிக்க வழி செய்தவர்களை இன்னார் என்று உலகத்துக்குத் தெரியவில்லை. அதைப் படித்த இரவில் அப்பா கோத்த புத்தகங்கள் நினைவுக்கு வந்தன. அப்போது நடப்பில் இருந்த 1867ஆம் வருடச் சட்டப்படி புத்தகத்தில் அச்சிட்டவர் பெயரும் இடமும் வெளியிட்டவர் பெயரும் இருந்தாக வேண்டியிருந்தது. எழுதியவர் பெயர் அட்டையிலேயே இருக்கும். எழுத்தை எழுத்தாக எடுத்து வைத்தவர் பெயர் எங்கேயும் இருக்காது. அப்பா கோத்து, அப்பா பெயரே அச்சில் வந்தது ஒரே ஒரு முறை, அவருடைய கல்யாணப் பத்திரிகையில்.

அங்க அடையாளங்கள்

என் எஸ்.எஸ்.எல்.சி. புத்தகத்தில் என்னை நிரூபிக்க இரண்டு மச்சங்கள் இருக்கின்றன. இடது முழங்கையில் ஒன்று, வலது கழுத்தில் ஒன்று. தமிழ்நாட்டில் பத்தாம் வகுப்பு படித்த எல்லோருக்கும் அந்த நாள் நினைவிருக்கும். ஆசிரியை பெயர்ப் பட்டியலோடு உட்கார்ந்துகொண்டு ஒவ்வொருவராகக் கூப்பிட்டு, மச்சமோ தழும்போ எங்கே என்று தேடுவார். வெளியே தெரிகிற இடத்தில் இருக்க வேண்டும். எங்கள் வகுப்பில் ஒருத்திக்கு ஒன்றுமே கிடைக்கவில்லை. "உனக்கு ஒரு அடையாளமும் இல்லையே" என்று டீச்சர் சொன்னபோது அவள் அழுதுவிட்டாள். டீச்சர் சாதாரணமாகச் சொன்ன சொல்தான். ஆனால் அவள் அழுகை எங்கள் யாருக்கும் விசித்திரமாகத் தோன்றவில்லை. கடைசியில் சின்ன வயதில் சைக்கிளிலிருந்து விழுந்த தழும்பு ஒன்றை முழங்காலுக்குக் கீழே கண்டுபிடித்ததும் வகுப்பே கை தட்டியது.

பெயர் விஷயமும் இதே மாதிரிதான். என் பெயர் கயல்விழி. முன்னால் அப்பா பெயரின் முதலெழுத்து, அவ்வளவுதான். பாஸ்போர்ட் எடுக்கும்போது குடும்பப் பெயர் என்று ஒரு கட்டம் இருந்தது, அதில் அப்பா பெயரைப் போட்டேன். இப்போது அலுவலகத்துக் கணினியில் என் பெயருக்குப் பின்னால் அதுதான் வருகிறது. வெளிநாட்டுக் குழுவினர் மின்னஞ்சலில் என்னை மாணிக்கம் என்று அழைக்கிறார்கள். வடக்கிலிருந்து வந்தவர்களுக்கு ழகரம் வராது, அவர்களுக்கும் மாணிக்கம் வசதி. பன்னிரண்டு வருடமாக ஒரு நாளைக்கு இருபது தடவை என்னை யாராவது அப்பா பெயரால் கூப்பிடுகிறார்கள், அந்தப் பெயருக்கு உரியவரை இந்த ஊரில் பெயர் சொல்லிக் கூப்பிட ஒருவர்கூட இல்லை. அம்மா போனதோடு அது முடிந்தது. அம்மாவும் பெயர் சொல்லிக் கூப்பிட்டவள் இல்லை, "இதோ பாருங்கள்" என்பாள். ஆனால் அந்த "இதோ பாருங்கள்" வேறு யாருக்கும் உரியதல்ல.

திருவல்லிக்கேணியில் வீட்டிலிருந்து அச்சகம் பத்து நிமிட நடை. அப்பாவுக்கு அரை மணி ஆகும். பால்பூத், இஸ்திரி வண்டி, ஜாம் பஜார் பக்கம் தாள் கடை வைத்திருந்த பாய், பார்த்தசாரதி கோயில் குளத்தருகே பூக்கட்டும் ஆயா, எல்லோரிடமும் ஒரு சொல்லாவது பேசிவிட்டுத்தான் போவார். அவர்களில் பாதிப்பேருக்கு அவருடைய பெயர் தெரியாது. கம்பாசிட்டர் என்றுதான் கூப்பிடுவார்கள். கேஸெல்லாம் எடைக்குப் போன பிறகும் பதினைந்து இருபது வருடம் அவர் அந்தத் தெருவுக்குக் கம்பாசிட்டராகவே இருந்தார். மேடவாக்கத்தில் எங்கள் குடியிருப்பு வாசலில் செக்யூரிட்டி கையில் ஒரு போன் இருக்கிறது. மாலையில் நடந்துவிட்டு அப்பா திரும்பும்போது அவன் "எந்த வீடு?" என்று கேட்க வேண்டும், அது அவனுக்கு இட்ட உத்தரவு. மாதத்துக்கு ஒரு முறை ஆள் மாறிவிடுகிறான். எண்ணைச் சொன்னால் என் போனில் மணி அடிக்கும். நான் ஒரு பொத்தானை அழுத்தினால் என் அப்பா என் வீட்டுக்குள் வரலாம்.

தமிழில் தெரிதல் என்ற சொல் அழகானது. கண்ணுக்கு அகப்படுவதும் தெரிதல்தான், ஒருவரை அறிந்திருப்பதும் தெரிதல்தான். அவரைத் தெரிகிறதா, அவரைத் தெரியுமா, இரண்டுக்கும் வேர் ஒன்று. அப்பா இங்கே வந்த ஒரு வருடத்தில் கேமராக்களில் எல்லாம் தெரிந்தார். யாருக்கும் அவரைத் தெரியவில்லை.

தோழி மறுத்தாள்

இதையெல்லாம் மதியச் சாப்பாட்டின்போது என் தோழி ஒருத்தியிடம் புலம்பினேன். தென்மாவட்டத்துக் கிராமம் ஒன்றிலிருந்து படிக்க வந்து சென்னையிலேயே தங்கிவிட்டவள். முழுவதும் கேட்டுவிட்டுச் சொன்னாள்: "உன் அப்பாவைத் தெருவே தெரிந்து வைத்திருந்தது உனக்கு இனிக்கிறது. எங்கள் ஊரிலும் என்னை எல்லோருக்கும் தெரியும். யார் வீட்டுப் பெண் என்று கேட்பார்கள். பதில் வந்ததும் தண்ணீர் தருகிற டம்ளர் மாறும். இந்த ஊரில் ஒரு வாசலில் என்னிடம் வீட்டு எண்ணை மட்டும் கேட்டு உள்ளே விட்ட அன்று எனக்கு எவ்வளவு நிம்மதியாக இருந்தது, தெரியுமா?"

எனக்குப் பதில் சொல்ல வரவில்லை. நான் ஏங்கிய அந்தத் தெருவே சிலருக்கு மூச்சு முட்டுகிற இடம். பெயரோடு ஒட்டியிருந்த சாதிப் பட்டத்தை உதறுவதென்று 1929இல் செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டில் தீர்மானம் போட்டார்கள். பெயருக்கு முன்னால் ஓர் எழுத்தோடு நாம் நிற்பதற்குப் பின்னால் அந்த வரலாறு இருக்கிறது. என்னை இன்னார் என்று பார்க்காதே, என்னை மனுஷியாகப் பார் என்று கேட்டவர்களின் வரலாறு அது. அந்தக் கேள்விக்கு முன்னால் பன்னிரண்டு இலக்க எண் ஒன்று, சாதி கேட்காமல், ஊர் கேட்காமல், விரலை மட்டும் வை என்று சொல்வது ஒரு விடுதலைதான். நான் அதை மறுக்க மாட்டேன். அந்த விரலும் பொருந்தாமல் போகும் நாளில் தோழிக்கு யார் சாட்சி சொல்வார்கள் என்று கேட்க நினைத்தேன். கேட்கவில்லை. அவளே சொன்னாள், கொஞ்ச நேரம் கழித்து, டப்பாவை மூடிக்கொண்டே: "எங்கள் ஊர்க்காரர்களுக்கு என்னைத் தெரியும் என்று சொன்னேனில்லையா, அது பொய். அவர்களுக்குத் தெரிந்தது என் தெருவை. நான் கணக்கில் நூறு வாங்கினேன் என்று எங்கள் டீச்சர் ஒருத்திக்குத்தான் தெரியும்."

அவள் சொன்னதை நான் பலமுறை திருப்பித் திருப்பி நினைத்துப் பார்த்தேன். தெருவைத் தெரிவது, எண்ணைத் தெரிவது, மச்சத்தைத் தெரிவது எல்லாம் ஒரு வகை. அவள் கணக்கில் நூறு வாங்கியது தெரிவது வேறு வகை. முதலாவதில் பார்க்கிறவனுக்குத்தான் காரியம் ஆகிறது: உள்ளே விடலாமா, பணம் கொடுக்கலாமா, எந்த டம்ளர்? இரண்டாவதில் பார்க்கப்படுகிறவருக்கு ஏதோ கிடைக்கிறது. சோறு மாதிரி ஒன்று. அது கிடைக்காமலும் மனிதர் உயிரோடு இருக்கலாம், சான்றிதழ்கூட வாங்கலாம்.

ஐந்து மணி அழைப்பு

இங்கேதான் நான் எனக்குள் தவிர்த்துவந்த விஷயம் வருகிறது.

அப்பா எங்கள் வீட்டுக்கு வந்ததிலிருந்து தினமும் மாலை ஐந்து மணிக்கு அலுவலகத்திலிருந்து அவரை அழைப்பேன். ஒரு நாள்கூடத் தவறியதில்லை, அதில் எனக்குப் பெருமையும் உண்டு. சாப்பிட்டீர்களா, மாத்திரை போட்டீர்களா, கதவைப் பூட்டியிருக்கிறீர்களா, இதுதான் பேச்சு. ஒரு நிமிடம் ஆகாது. சேவை மையத்துக்குப் போய்வந்த மறுநாளும் அழைத்தேன். சாப்பிட்டீர்களா அப்பா? சாப்பிட்டேன் அம்மா. மாத்திரை போட்டீர்களா? போட்டேன். கதவு? பூட்டியிருக்கிறது. வைக்கப் போனேன். அப்பா மெல்லிய குரலில், ஒரு படிவத்தின் கடைசிக் கட்டத்தை நிரப்புகிறவர் மாதிரி சொன்னார்: "உயிரோடுதான் இருக்கிறேன் அம்மா."

அதில் குத்தல் இல்லை. அப்பாவுக்குக் குத்திப் பேசத் தெரியாது. முந்தின நாள் அந்தப் பெண்ணிடம் பத்து விரலையும் நீட்டியபோது இருந்த அதே பணிவு அந்தக் குரலில் இருந்தது. அவ்வளவு நாளும் நான் கேட்டுக்கொண்டிருந்தது அதைத்தான் என்று அவர் புரிந்துவைத்திருந்தார். நான் கேட்டதும் அதைத்தான். போனை வைத்துவிட்டு மாடிப்படியில் போய் உட்கார்ந்துகொண்டேன். கடந்த ஒரு வருடத்தில் ஆமாம் இல்லை என்று பதில் வராத ஒரு கேள்வியை அப்பாவிடம் எப்போது கேட்டேன் என்று யோசித்தேன். ஞாபகம் வரவில்லை. அம்மா இல்லாத வீட்டை எப்படிப் பூட்டிவிட்டு வந்தீர்கள், சாவியை யாரிடம் கொடுத்தீர்கள், பாய் கடை இன்னும் இருக்கிறதா, கேஸ்களை எடைக்குப் போட்ட அன்று நீங்கள் அங்கே இருந்தீர்களா? எதையும் கேட்டதில்லை. அவர் என் பொறுப்பு. பொறுப்பாகப் பார்த்துக்கொண்டேன். என் நண்பர்கள் பலரும் தங்கள் பெற்றோரை இப்படித்தான் பொறுப்பாகப் பார்த்துக்கொள்கிறார்கள், அழைப்பு எடுக்கப்படுகிறது, மாத்திரை டப்பாவில் அன்றைய கிழமை காலியாக இருக்கிறது, எல்லாம் சரியாக இருக்கிறது. இரண்டு மாதமாக எனக்குள் நெருடியது இதுதான். அந்த இயந்திரத்தின் மேல் எனக்கு வந்த கோபத்தில் பெரும்பகுதி என் மேல் வந்தது. பத்து விரலை நீட்டியும் அதற்கு அப்பாவைத் தெரியவில்லை. ஒரே வீட்டில் இருந்துகொண்டு, ஒழுங்காக அழுத்துங்கள் என்று அதட்டிய எனக்கு மட்டும் தெரிந்திருந்ததா?

சான்றிதழ் வேலை ஒருவழியாக டிசம்பரில் முடிந்தது. போன் கேமராவில் முகத்தைக் காட்டினால் போதும் என்ற வசதி இருப்பதை அந்தப் பெண் எழுதிக் கொடுத்த தாளில் பார்த்து, பால்கனி வெளிச்சத்தில் அப்பாவை உட்காரவைத்தேன். கண்ணைச் சிமிட்டச் சொன்னது. அப்பா சிமிட்டினார். ஏற்றுக்கொண்டது. "முகத்தைத் தெரிந்துகொண்டதா?" என்றார். ஆமாம் என்றேன். "சரி" என்று சொல்லிவிட்டு உள்ளே போய் முகம் கழுவிக்கொண்டு வந்தார்.

பொங்கலுக்கு அடுத்த ஞாயிற்றுக்கிழமை மாலை, இருவரும் அதே பால்கனியில் உட்கார்ந்திருந்தோம். என்ன கேட்பது என்று எனக்கே சங்கடமாக இருந்தது. இத்தனை வருடம் கேட்காமல் விட்டவளுக்குக் கேள்வி சட்டென்று வருவதில்லை. கடைசியில், "அப்பா, கேஸில் ழ எங்கே இருக்கும்?" என்றேன்.

அவர் என்னைப் பார்த்தார். டீ டம்ளரைக் கீழே வைத்தார். நாற்காலியில் நிமிர்ந்து, இடது கையை ஸ்டிக் பிடிக்கிற மாதிரி மடக்கிக்கொண்டு, வலது கையை உயர்த்தினார். தோள் உயரத்துக்கு மேல், வலது ஓரத்தில், காற்றில் ஓரிடத்தைத் தொட்டார். "இங்கே. அடிக்கடி வேண்டியிருக்காது, அதனால் தள்ளி வைத்திருப்போம். க, த, ம எல்லாம் இங்கே, நெஞ்சுக்கு நேராக. ழவுக்குப் பக்கத்துக் கட்டம் ழி, அதற்குக் கீழே ழு." விரல் நடுங்கியது, கை நடுங்கவில்லை. அச்சகத்தில் தலைகீழாகப் படிக்கப் பழகியதிலிருந்து நேராக எழுதியிருந்தால் கொஞ்ச நேரம் தடுமாறுவேன் என்றார். புரூஃப் பார்க்க வந்த எழுத்தாளர் ஒருவர் காற்புள்ளி ஒன்றுக்காக மத்தியானம் முழுக்க உட்கார்ந்திருந்ததைச் சொன்னார். கேஸ்களை எடைக்குப் போட்ட அன்று அவர் அங்கே இருந்தாராம். முதலாளி பார்க்காதபோது பழைய றா ஒன்றைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு வந்திருக்கிறார். அம்மாவின் அஞ்சறைப் பெட்டியில் கிடந்தது, வீடு மாற்றியபோது எங்கே போயிற்றோ தெரியவில்லை என்றார். என் அம்மாவின் அஞ்சறைப் பெட்டி என் சமையலறையில்தான் இருக்கிறது.

பேசிக்கொண்டே இருந்தவர் நிறுத்திவிட்டு மறுபடி கையைத் தூக்கினார். நெஞ்சுக்கு நேராக ஒரு கட்டத்துக்குப் போய் எடுத்து இடது கைக்கு வந்தது. பிறகு வேறொரு கட்டம், பிறகு இன்னொன்று. என் பக்கம் பார்க்கவில்லை. நான்காவது முறை இடது பக்கம் போய்வந்தது. ஐந்தாவது முறை கை மேலே போய், வலது ஓரத்தில், சற்று முன்பு அவர் காட்டிக் கொடுத்த அந்தக் கட்டத்துக்குப் பக்கத்தில் நின்றது. எடுத்து வைத்தார். கட்டை விரலால் வரியை லேசாக அழுத்திவிட்டார்.

"படி" என்றார்.

"கயல்விழி" என்றேன்.

தலையை ஆட்டினார். பிறகு ஸ்டிக்கிலிருந்து ஒவ்வொன்றாக எடுத்து, அந்தந்தக் கட்டத்தில் திரும்பப் போட ஆரம்பித்தார். கோத்ததைப் பிரித்துப் போடாமல் எழுந்திருக்கக் கூடாது, அடுத்த வேலைக்கு எழுத்து வேண்டுமே என்றார்.